காப்பு நூலும் ஹெல்மெட்டும்

தாய்லாந்தில் புது ஹோண்டா வேவ் பைக் வாங்குபவர்களில் பலர் அதை நேரே புத்த கோயிலுக்கு ஓட்டிப்போகிறார்கள். பிக்கு பாலி மொழியில் ஓதித் தீர்த்தம் தெளிக்கிறார். குழைத்த வெள்ளைச் சுண்ணத்தை விரலால் தொட்டு வண்டி முகப்பில் யந்திரம் எழுதுகிறார். கைப்பிடியில் வெள்ளை நூல் கட்டுவதும் உண்டு.

வண்டி எளியது. 1958இல் ஜப்பானில் வந்த ஹோண்டா சூப்பர் கப்பின் வாரிசு: காலைத் தூக்கிப் போடாமல் ஏறி உட்காரத் தாழ்ந்த சட்டம், சீட்டுக்கடியில் பெட்ரோல் டேங்க், கிளட்ச் பிடிக்காமலே மாற்றும் கியர். சந்தைக்கும் பள்ளிக்கும் குடும்பமே இதில்தான் போகிறது.

தாய்லாந்தின் சாலைச் சாவுகளில் பெரும்பகுதி இருசக்கர வண்டிக்காரர்களுடையது. அவரவர் வினை அவரவருக்கே என்கிறது பௌத்தம். அப்படியானால் பிக்கு கட்டிய நூல் எதைத் தடுக்கும்?

வினையை நூல் அறுக்காது.

ஆனாலும் சடங்கை மூடநம்பிக்கை என்று தள்ளிவிடுவது அவசரம். பரிநிர்வாணத்துக்கு முன் புத்தர் சீடர்களிடம் கடைசியாக வலியுறுத்தியது விழிப்பைத்தான். பிரேக் பிடிக்கும் கையருகே கிடக்கும் நூல் அந்த விழிப்பை நினைவூட்டினால் அது தர்மத்துக்கு உடன்பட்டதே. நூல் இருக்கிறதே என்று ஹெல்மெட்டை வீட்டில் வைத்துவிட்டு, பிள்ளையை முன்னால் நிற்கவைத்து ஓட்டுவது அந்த உபதேசத்துக்கு நேர் எதிர். ஆசி தரும் கையோடு, ஹெல்மெட் வாரை மாட்டச் சொல்லியே பிக்குகள் அனுப்ப வேண்டும்.