திறமையும் ஒதுக்கீடும்: ஓர் அறவியல் நோக்கு

அரசாங்க உத்தியோகங்களிலே சாதியடிப்படையிலும் பாலடிப்படையிலும் இடம் ஒதுக்குதல் திறமைக்கு விரோதமானது என்னும் கூற்று இந்தியாவிற் பல தலைமுறைகளாக ஒலித்து வருவதாகும். சென்னை மாகாணத்தில் நீதிக்கட்சி ஆட்சியின்போது வகுப்புவாரி ஆணைகள் பிறந்த 1920களிலும், மண்டல் ஆணைக்குழுவின் சிபார்சுகளை நிறைவேற்றப்போவதாக 1990இல் மத்திய அரசாங்கம் அறிவித்து வடநாட்டு நகரங்கள் கொந்தளித்த வேளையிலும் இக்கூற்றே முன்வைக்கப்பட்டது. திறமை ஒருபுறம், சமூக நீதி மறுபுறம். ஒன்றைப் பெற மற்றதை இழத்தல் வேண்டும் என்பதே இதன் உட்கிடை. இவ்வுட்கிடை எத்துணை உண்மையானது என்பதை ஒரு வழக்கினைக் கொண்டு ஆராய்தல் பயனுடைத்து.

1992ஆம் ஆண்டு நவம்பரில் இந்திரா சஹானி வழக்கிலே ஒன்பது நீதிபதிகளைக் கொண்ட இந்திய உச்ச நீதிமன்றம் ஒதுக்கீட்டை இருவகைப்படுத்திற்று. பட்டியற் சாதியினர், பழங்குடியினர், பிற்படுத்தப்பட்டோர் ஆகியோர்க்குரியது நெடுக்கு ஒதுக்கீடு. உடற்குறையுடையோர் முதலியோர்க்குரியது அவ்வகுப்புகள் எல்லாவற்றையும் ஊடறுத்துச் செல்லும் குறுக்கு ஒதுக்கீடு. பெண்களுக்குரியதும் பின்னர் இதனுள்ளேயே அடங்கியது. நெடுக்கு ஒதுக்கீட்டில் ஒரு விதி தெளிவானது: பிற்படுத்தப்பட்ட வகுப்பினர் ஒருவர் தம் புள்ளிகளாலேயே பொதுப் பட்டியலில் இடம்பெறுவாராயின், அவ்விடம் அவரது வகுப்பின் கணக்கிற் சேராது. இரண்டும் சந்திக்கும் மூலையிலேதான் சிக்கல் எழுந்தது.

2013இல் உத்தரப் பிரதேசத்திலே பொலிஸ் கொன்ஸ்டபிள் பதவிகளுக்கு ஆட்சேர்ப்புத் தொடங்கியது. பெண்களுக்கு நூற்றுக்கு 20 இடங்கள் ஒதுக்கப்பட்டிருந்தன. பொதுப் பிரிவிலே கடைசியாகத் தெரிவான பெண்ணின் புள்ளி 274.8298. அதனிலும் கூடிய புள்ளிகள் பெற்ற பிற்படுத்தப்பட்ட வகுப்புப் பெண்கள் சிலரோ தெரிவாகவில்லை. அவர்கள் தம் வகுப்பினுள்ளேயே போட்டியிடுதல் வேண்டும், பொதுப் பிரிவுப் பெண்களின் இடங்களுக்கு வரலாகாது என்பது மாநில அரசாங்கத்தின் வாதம். இவ்விடயத்தில் இந்திய உயர் நீதிமன்றங்களே இருவேறு கருத்துடையனவாயிருந்தன.

இவ்வாதத்தின் பொருளை நின்று நோக்குதல் வேண்டும். எல்லோர்க்கும் திறந்திருக்கவேண்டிய பொதுப் பிரிவு, எந்த ஒதுக்கீட்டிலும் சேராத சாதியினர்க்கெனத் தனித்தவோர் ஒதுக்கீடாக ஈண்டு மாறிவிடுகின்றது. திறமையின் பெயராற் காக்கப்பட்ட கோட்டையினுள்ளே குறைந்த புள்ளி பெற்றவர் இருக்க, கூடிய புள்ளி பெற்றவர் வாயிலிலே தடுக்கப்பட்டார். பொதுப் பிரிவைத் திறமைக்குரிய இடமென்று போற்றியோர் இதனை எவ்வாறு நியாயப்படுத்துவர்?

ஈழத்துத் தமிழர்க்கு இவ்விடத்து ஒரு நினைவு எழாமற் போகாது. 1971இல் பல்கலைக்கழக அனுமதியிலே மொழிவாரித் தரப்படுத்தல் புகுத்தப்பட்டபோது, தமிழ்மொழி மூலம் கற்றோர் கூடிய புள்ளிகள் பெற்றாலன்றி அனுமதி பெற இயலாதாயிற்று. அன்று முதல் திறமை என்னும் சொல் தமிழ் மாணவர்க்கு ஒரு கேடயமாயிற்று. அதனாலேயே இந்தியாவில் ஒதுக்கீட்டை எதிர்ப்போர் அச்சொல்லை எடுத்தாளும்போது, அவர்பால் இரக்கங்கொள்ளும் மனப்பான்மை இங்கு கற்றோரிடையே உண்டு. ஆயின் உத்தரப் பிரதேசத்திலே தமிழ் மாணவனின் நிலையில் நின்றவர் பிற்படுத்தப்பட்ட வகுப்புப் பெண்ணே.

புள்ளிதான் திறமையா என்பது இதனினும் ஆழமான வினா. நான்கு தசமதானங்கள் வரை கணித்த 274.8298 என்னும் எண், ஒருவரது நேர்மையையோ துணிவையோ அந்நுண்மையுடன் அளந்ததாக எவரும் துணிந்து கூறார். (நான்காவது தசமதானத்திலே தவறிப்போகும் நேர்மை எத்தகையதோ!) பதவிக்குரிய திறமை அப்பதவி செய்யவேண்டிய காரியத்தைப் பொறுத்தது. தாக்கப்பட்ட தலித் பெண்ணொருத்தி முறைப்பாடு செய்யப் பொலிஸ் நிலையத்துக்குச் செல்ல அஞ்சுவாளாயின், அந்நிலையம் தன் கடமையிற் பாதியை இழந்ததாகும்; அவ்வச்சத்தைப் போக்குவோர் அங்கிருத்தலும் சேவையின் திறனே. அஸ்வினி தேஷ்பாண்டே, தோமஸ் வைஸ்கொப் என்னும் பொருளியலாளர் இருவர் இந்தியப் புகையிரதச் சேவையை ஆராய்ந்து 2014இல் வெளியிட்ட ஆய்வும், பட்டியற் சாதியினர், பழங்குடியினரது விகிதம் கூடியமையால் உற்பத்தித்திறன் குன்றியதற்குச் சான்றில்லை என்றே கண்டது.

இதனால் ஒதுக்கீடு எவர்க்கும் இழப்பை விளைப்பதில்லை என்றாகாது. கூடிய புள்ளி பெற்றும் இடமிழந்த வறிய முற்பட்ட சாதி இளைஞனின் துயர் பொய்யன்று. அவனைக் கருதியே 2019இல் நூற்றுக்கு 10 இடங்கள் பொருளாதார அடிப்படையில் ஒதுக்கப்பட்டன. எனினும் ஏனைய வகுப்புகளிலுள்ள வறியவர் அதிலிருந்து விலக்கப்பட்டனர். 2022இல் ஐந்து நீதிபதிகளுள் மூவர் அவ்விலக்கை ஏற்க, லலித், ரவீந்திர பட் ஆகிய இருவரும் மறுத்தனர். பெண்களுக்கான ஒதுக்கீட்டின் பயனும் ஒவ்வொரு வகுப்பிலும் கல்வி வசதி படைத்த குடும்பங்களையே முதலிற் சென்றடைகின்றது என்னும் குறையும் எஞ்சிநிற்கின்றது. அதற்குச் சட்டம் இன்னும் முழுமையான விடை காணவில்லை.

பொலிஸ் நியமன வழக்கிலே 2020 டிசம்பரிற் தீர்ப்பு வழங்கிய ஆயத்திலும் இவ்விருவரும் இருந்தனர். பொதுப் பிரிவு எவரது ஒதுக்கீடும் அன்று, எல்லோர்க்கும் உரியது என அந்நீதிமன்றம் தீர்மானித்தது. 274.8298க்கு மேற் புள்ளி பெற்ற பிற்படுத்தப்பட்ட வகுப்புப் பெண்களுக்கு நியமனம் வழங்குமாறு பணித்தது. முன்னரே நியமனம் பெற்ற பொதுப் பிரிவுப் பெண்கள் எவரும் பதவி நீக்கப்படவில்லை.