விண்கலத்தில் கிப்லா எந்தப் பக்கம்?

2007 அக்டோபர் 10ஆம் தேதி கஜகஸ்தானின் பைக்கனூரிலிருந்து சோயுஸ் விண்கலத்தில் கிளம்பினார் ஷேக் முஸஃபர் ஷுகோர். மலேசியாக்காரர், எலும்பு மருத்துவர். ரமலானின் கடைசி நாட்கள் அவை. பெருநாள் அவருக்குச் சர்வதேச விண்வெளி நிலையத்தில்தான் விடிந்தது. அவரை அனுப்புவதற்கு முன்பே மலேசிய விண்வெளி நிறுவனம் ஆலிம்களையும் விஞ்ஞானிகளையும் ஒரே இடத்தில் உட்காரவைத்துக் கேட்டது: அங்கே போனால் எப்படித் தொழுவது?

அந்த நிலையம் சுமார் 400 கிலோமீட்டர் உயரத்தில், மணிக்கு 27,600 கிலோமீட்டர் வேகத்தில் ஓடிக்கொண்டே இருக்கிறது. ஒன்றரை மணி நேரத்தில் பூமியை ஒரு சுற்று சுற்றிவிடும். நாளுக்கு 16 முறை சூரியன் உதிக்கும், 16 முறை மறையும். சூரியனைப் பார்த்து வக்து, அதாவது தொழுகை நேரம், கணக்கிட்டால் ஐந்து வேளை எண்பது வேளையாகிவிடும். கிப்லா, அதாவது தொழும்போது முகம் திருப்ப வேண்டிய கஅபாவின் திசை, இன்னும் சிக்கல். எங்கள் ஊர் பீர்மேட்டிலிருந்து மக்கா ஏறத்தாழ 4,200 கிலோமீட்டர். அந்தத் தூரத்தை நிலையம் பத்தே நிமிடத்தில் கடந்துவிடுகிறது. லுஹருக்கு நான்கு ரக்அத் தொழுது சலாம் கொடுப்பதற்குள், தக்பீர் கட்டும்போது முன்னால் இருந்த கஅபா முதுகுக்குப் பின்னால் போயிருக்கும்.

ஆலிம்கள் தந்த பதில் எனக்கு மிகவும் பிடித்தது. நேரத்துக்கு, கிளம்பிய ஊரின் கடிகாரத்தை வைத்துக்கொள்ளலாம். திசைக்குப் படிப்படியாக இறங்கி வந்தார்கள்: முடிந்தால் கஅபாவை நோக்கி, இல்லையென்றால் கஅபாவுக்கு நேர்மேலே வானத்தில் இருக்கும் இடத்தை நோக்கி, அதுவும் இயலாவிட்டால் பூமியை நோக்கி, எதுவுமே இயலாவிட்டால் எந்தப் பக்கமும். நிற்க முடியாதவர் உட்கார்ந்து தொழலாம், படுத்துத் தொழலாம், கண்ணிமையால் சைகை காட்டித் தொழலாம், கடைசியில் மனத்தால் நினைத்தே தொழலாம். நோயாளிக்கும் பயணிக்கும் நம் பெரியவர்கள் காலங்காலமாகத் தந்துவந்த சலுகைதான், விண்வெளி வரைக்கும் நீண்டிருக்கிறது.

இதைப் படித்துக் காட்டியபோது, இயற்பியல் படிக்கும் என் தங்கை மகன் விடவில்லை. “மாமா, அங்கே எந்தப் பக்கம் நின்னாலும் கூடும்னா, இங்கே மட்டும் ஏன் இத்தனை கண்டிப்பு?”

அவன் அப்படிக் கேட்டதற்குக் காரணம் எங்கள் கடையில் இருக்கும் கோடு. அத்தா உத்தமபாளையத்திலிருந்து கம்பம், குமுளி வழியாக மலையேறி வந்து பீர்மேட்டில் போட்ட பலசரக்குக் கடை அது. சரக்கு அறையின் சிமெண்டுத் தரையில், அரிசி மூட்டைகளுக்கு நடுவே, சிவப்புப் பெயிண்டில் கோணலாக ஒரு கோடு ஓடும். சுவருக்கும் ஒட்டாது, வாசலுக்கும் ஒட்டாது. மே 28ஆம் தேதி நம் நேரப்படி பிற்பகல் 2.48 வாக்கில் சூரியன் கஅபாவின் உச்சிக்கு நேர்மேலே நிற்கும். அந்த நேரத்தில் வெயில் விழுகிற எந்த ஊரிலும், சூரியனைப் பார்த்து நின்றால் கிப்லாவைப் பார்த்து நிற்கிறோம். ஜூலை 16ஆம் தேதி 2.57க்கும் இது நடக்கும்; ஆனால் ஜூலையில் எங்கள் மலையில் சூரியனை எங்கே தேடுவது? மழை முந்திக்கொள்ளாத ஒரு மே மாதத்தில் அத்தா பின்வாசலில் குச்சி நட்டார். நிழல் மேல் சணல் நூலைப் பிடித்து, அதை அப்படியே அறைக்குள் இழுத்துக் கட்டி, நூலோடு நூலாகப் பெயிண்ட் அடித்தார். மேற்கிலிருந்து கொஞ்சம் வடக்கே சாய்ந்த கோடு. மூடுபனி இறங்கி, எதிர்க்கடை போர்டுகூடத் தெரியாத அசர் நேரத்தில், லாரி ஓட்டிவரும் தம்பிமார் “கிப்லா எப்படிங்க பாய்?” என்று கேட்டால், அந்தக் கோட்டைத்தான் காட்டுவேன்.

அதனால் தங்கை மகனின் கேள்வியை நான் லேசாக எடுத்துக்கொள்ளவில்லை. ஆரம்பத்தில் முஸ்லிம்கள் பைத்துல் முகத்தஸை, அதாவது ஜெருசலேமை நோக்கியே தொழுதார்கள். நபியவர்கள் மதீனாவுக்கு வந்த பிறகு, 624ஆம் ஆண்டில்தான் கிப்லா மக்காவுக்கு மாறியது. இறைவன் ஒரு பக்கத்தில் குடியிருப்பவன் என்றால் அந்தப் பக்கத்தை மாற்றவே முடியாது. திசை வேண்டியிருப்பது நமக்கு. நாலாபக்கமும் சிதறி நிற்கும் மனிதர்களை ஒரே ஸஃப்பில், ஒரே வரிசையில், நிறுத்தவும், ஓரிடத்தில் நிற்காத நம் மனத்தை ஒரு பக்கம் திருப்பவும் அது வேண்டும். உலகத்தின் ஸஃப்புகள் எல்லாம் கஅபாவைச் சுற்றி வட்டங்களாக நிற்கின்றன. முஸஃபர் ஷுகோரும் அந்த வட்டங்களை விட்டுப் போய்விடவில்லை. எல்லாவற்றுக்கும் வெளிவட்டத்தில் நின்றார், அவ்வளவுதான். சலுகை தந்தவர்கள் முதல் படியை எடுத்துவிடவில்லை என்பதையும் அவனுக்குச் சொன்னேன். முடிந்தவனுக்குக் கஅபாதான். என் கடைக்குள் நிற்பவனால் முடியும்.

மேலே போவதைப் பற்றிப் பேசினால், எங்கள் ஊரிலேயே உயரத்தைப் பற்றிய இரண்டு கதைகள் பக்கத்துப் பக்கத்தில் இருக்கின்றன. குட்டிக்கானம் பக்கத்துக் குன்றுக்குத் திரிசங்கு என்று பெயர். உடலோடு சொர்க்கம் போக ஆசைப்பட்ட ராஜா அவன். வசிட்டர் மறுத்துவிட, விசுவாமித்திரர் வேள்வி செய்து மேலே ஏற்றினார். இந்திரன் தள்ளிவிட்டான், விசுவாமித்திரர் தடுத்து நிறுத்தினார், பாவம், இடையிலேயே தலைகீழாகத் தொங்கிவிட்டான். இன்றைக்கு ராக்கெட் விடுகிறவர்களின் கவலையெல்லாம் அந்தப் பழைய கதையில் இருக்கிறது: ஏற்ற ஒரு விசை, எதிர்க்க ஒரு விசை, விழாமல் நிற்க ஒரு பாதை. இன்னொருவர் பீர் முகம்மது அப்பா. தென்காசியில் பிறந்து, தக்கலையில் அடங்கியிருக்கும் தமிழ் சூஃபி. ‘ஞானப் புகழ்ச்சி’ பாடியவர். இடையில் இந்த மலையில் வந்து தவமிருந்தார் என்றும் ஊருக்குப் பெயரே அவரால் வந்தது என்றும் சொல்வார்கள். அவரும் உயரத்துக்குத்தான் வந்தார், ஆனால் வந்த இடத்தில் உட்கார்ந்துவிட்டார். மேலே போனால் இறைவன் பக்கத்தில் வருவான் என்று அவர் நினைத்திருந்தால், இறங்கித் தக்கலைக்குப் போயிருக்க மாட்டார்.

யூரி ககாரின் 1961 ஏப்ரல் 12இல் மேலே போய், அங்கே கடவுளைக் காணவில்லை என்று சொன்னதாக ஒரு பேச்சு இன்னும் ஓடுகிறது. பயணத்தின்போது பூமியோடு அவர் பேசிய பதிவில் அப்படி ஒரு வாக்கியமே இல்லை. அந்தப் பேச்சைப் பரப்பியவர்களும் சரி, அதைக் கேட்டுக் கோபப்பட்ட விசுவாசிகளும் சரி, இறைவன் மேல்மாடியில் இருக்கிறான் என்ற ஒரே எண்ணத்தில்தான் நின்றார்கள். இந்த விஷயத்தில் தும்பாவின் மீனவக் கிறிஸ்தவர்கள் தெளிவாக இருந்தார்கள் என்பது என் எண்ணம். காந்த நடுக்கோடு போகிற இடம், ராக்கெட் தளத்துக்கு வேண்டும் என்று விஞ்ஞானி விக்ரம் சாராபாய் வந்து கேட்டபோது, பிஷப் பீட்டர் பெர்னார்டு பெரேரா அதைச் சபையின் முன் வைத்தார். மக்தலேனா மரியாள் தேவாலயத்தையும் ஊரையும் கொடுத்துவிட்டு அவர்கள் இடம்பெயர்ந்தார்கள். 1963 நவம்பர் 21இல் முதல் ராக்கெட் அங்கிருந்து கிளம்பியது. கோயிலைக் கொடுத்தார்கள், தொழுகையைக் கூடவே எடுத்துக்கொண்டு போனார்கள். ஆனாலும் வீட்டையும் கரையையும் விட்டுப் போனவர்களின் நஷ்டத்தை இந்தப் பெருமைப் பேச்சில் மறந்துவிடக் கூடாது.

அதே தும்பாவில்தான் 2024 பிப்ரவரி 27இல் மனிதரை விண்ணுக்கு அனுப்பும் இந்தியத் திட்டமான ககன்யானின் வீரர்கள் நால்வரை நாட்டுக்கு அறிமுகப்படுத்தினார்கள். பிரசாந்த் நாயரின் குடும்பம் பாலக்காட்டு நெம்மாறை, அஜித் கிருஷ்ணன் சென்னையில் பிறந்தவர். நம் கலத்திலேயே நம் ஆட்கள் போகத் தொடங்கினால், அவரவர் வழிபாட்டுக் கேள்வியும் கூடவே போகும். இது புதிதும் அல்ல: 1969இல் நிலவில் இறங்கிய பஸ் ஆல்ட்ரின், வெளியே காலெடுத்து வைக்கும் முன் கலத்துக்குள்ளேயே திருவிருந்து எடுத்தார்.

நிலவைப் பற்றித்தான் நானும் தங்கை மகனும் இப்போது பேசிக்கொண்டிருக்கிறோம். 2023 ஆகஸ்டு 23இல் சந்திரயான்-3 இறங்கிய இடம் நிலவின் தென் அட்சரேகை 69 டிகிரியை ஒட்டியது. அங்கிருந்து பார்த்தால் பூமி வடமேற்கே, அடிவானத்துக்குக் கொஞ்சம் மேலே, ஏறாமலும் இறங்காமலும் ஏறக்குறைய ஒரே இடத்தில் நிற்கும். அங்கே தொழுகிறவருக்கு என் அத்தாவின் கோடுகூட வேண்டாம். “சரி மாமா, சீனாக்காரங்க 2019ல சாங்-ஏ 4ஐ இறக்கின பின்பக்கத்துக்குப் போனா? அங்கே பூமியே தெரியாதே, எந்தப் பக்கமும் கூடும்னு கடைசிப் படிக்கு வந்துடணுமா?” என்றான். இல்லை என்பதுதான் என் கருத்து. பின்பக்கத்தில் நிற்பவனுக்குப் பூமி மறைந்திருக்கிறதே தவிர, இல்லாமல் போகவில்லை. அது அவன் காலடியில், நிலவுக்கு அந்தப் புறத்தில் இருக்கிறது. கியாமில் அவன் எங்கே பார்த்து நின்றாலும் சரி, சஜ்தாவில் நெற்றியைத் தரையில் வைக்கும்போது அவன் முகம் பூமியை நோக்கித்தான் இருக்கும். ஆலிம்கள் இதை எப்படி எழுதுவார்களோ, அவர்கள் எழுதட்டும். மூன்றாம் படி அங்கேயும் செல்லும் என்றுதான் அவனிடம் சொல்லியிருக்கிறேன்.