துணையிலாத் தாயும் துணைக்காரணமும்

நடுநாட்டிலே மணிமுத்தாற்றை அடுத்த நல்லூரும், திருமுதுகுன்றம் எனப்பெறும் விருத்தாசலமும் சைவ மக்கள் நன்கறிந்த தலங்களாம். விருத்தாசலத்திற்கு இக்காலத்தே பீங்கான் தொழிலாலும் பெயருண்டு. அங்குள்ள பட்டறைகளிற் பொம்மைகளும் பிற கலங்களும் அச்சில் வார்த்து, உலர்த்தி, சூளையிற் சுட்டு எடுக்கப்படுகின்றன. அத்தொழிலிற் பெண்டிரும் உழைக்கின்றனர். கணவனை இழந்தோ, அவனாற் கைவிடப்பட்டோ, தாம் ஒருவராகவே மக்களைப் பேணும் தாய்மார் பலர் இத்தகைய நாட்கூலியை நம்பியே எவ்வூரினும் வாழ்கின்றனர். நோயுற்ற மகவை விட்டு வேலைக்குச் செல்லின் மகவுக்குத் துன்பம். செல்லாதொழியின் அன்றைய உணவிற்கு வழியில்லை. ஈட்டுதலும் பேணுதலும் ஆகிய இரு கடனும் அவர் ஒருவர் தலைமேலன.

வறுமையினும் கொடியது இவர்க்கு ஒன்றுண்டு. அது ‘அமங்கலி’ என்னும் சொல். அரிதின் வளர்த்த மகளின் மணநாளில், அவ்வன்னை பந்தரின் ஒரு மூலையில் மறைந்து நிற்கின்றாள். ஈரோடு மாவட்டம் நம்பியூர் வட்டத்துக் கோயில் ஒன்றிற் பூசகராய் இருந்தவரின் மனைவி, அவர் இறந்தபின், தம் மகனோடு திருவிழாவிற் கலந்துகொள்ளத் தடுக்கப்பட்டார். அவர் முறையிட, 2023 ஆம் ஆண்டு ஆகஸ்டில் சென்னை உயர்நீதிமன்றம், பெண்ணின் மதிப்பு அவள் மணநிலையைப் பொறுத்ததன்று எனக் கூறி, அவரைத் தடுத்தல் கூடாதெனத் தீர்ப்பளித்தது. நீதிமன்றம் சொல்லித் தெரிய வேண்டிய செய்தியோ இது? நம் சித்தாந்தம் இதுபற்றி யாது கூறும் என ஆராய்வாம்.

குடம் ஒன்று தோன்றுதற்கு மண் முதற்காரணம், திரிகை துணைக்காரணம், குயவன் நிமித்த காரணம் என்பது சைவர் யாவரும் அறிந்த உவமை. உயிர்க்கு உடலும் கருவியும் கூட்டுவிக்கும் நிமித்த காரணன் இறைவனே. தாய் தந்தையர் அவன் கொண்ட துணையளவினரே. அவருள் ஒருவர் நீங்கிய துணையால் மகவு குறையுடைத்து என்றல் பொருந்துமோ? விருத்தாசலத்துப் பட்டறையில் திரிகையின்றியே அச்சில் வார்த்துக் கலம் ஆக்கக் காண்கின்றோம். துணை வேறுபடினும் கலம் கலமேயன்றோ? ‘சிவம்’ என்னும் சொற்கு மங்கலம் என்பது பொருள். உயிர்தோறும் பிரிவின்றி நிற்பவன் சிவன் என்று ஓதிவிட்டு, ஓருயிரை அமங்கலம் என்றல் தன் கொள்கையைத் தானே மறுத்தலாம்.

“அவள் துன்பம் அவள் வினைப்பயன், பிறர் செய்வது யாது?” என்பர் ஒருசாரார். வினையுண்மை நாமும் உடன்படுவதே. ஆயினும் திருவிளையாடற் புராணத்துப் பன்றிக்குட்டிகளின் வரலாற்றை அவர் நினைவாராக. முற்பிறப்பிற் செய்த பிழையாற் சாபம் பெற்றுப் பன்றியாய்ப் பிறந்தவை அப்பன்னிரு குட்டிகள். தாயும் தந்தையும் மாயப் பசியால் வாடிய அவற்றிற்கு, ஆலவாய்ப் பெருமான் தாய்ப்பன்றியாய் வந்து பாலூட்டினன். வினைப்பயன் என்று அவன் வாளாவிருந்திலன். வினையை வகுத்தவனே இரங்கி வந்தானாயின், அவனடியார் எனப் பெயர் பூண்ட நாம் வினையைக் காட்டி விலகி நிற்றல் எங்ஙனம்? வினைக் கொள்கை தன் துன்பத்தைப் பொறுத்தற்கு உதவுவது; பிறர் துன்பத்தைப் புறக்கணித்தற்குக் கொண்ட கருவியன்று.

அரசு தன்னாலியன்றது செய்கின்றது. ஆதரவற்ற கைம்பெண்டிர்க்கு ஓய்வூதியம் தமிழ்நாட்டில் 1975 முதல் வழங்கப்பட்டு வருகின்றது. மணமாகாத தாய், தந்தையின் பெயரை வெளியிடாமலே தன் மகவுக்குக் காப்பாளர் ஆகலாமென 2015 இல் உச்சநீதிமன்றம் தீர்ப்பளித்தது. ஆயினும் ஊதியமும் தீர்ப்பும் தூண்மறைவில் நிற்பவளை முன்னே அழைத்து வாரா. அது நம் கடன். மகளின் மணவறையில் முதல் வாழ்த்து அவ்வன்னையுடையதாகுக. திருவிழாவில் அவள் கையாலும் விளக்கேற்றப்படுக. அவள் வேலைக்குச் சென்ற பொழுதில் அவள் மகவை அண்டை வீட்டார் ஏற்றுப் பேணுக. இவை செய்தற்குப் பொருள் வேண்டா. மனம் ஒன்றே வேண்டும்.

தாயுமாய் நின்றருள்பவனைத் தாயுமானவன் எனச் சிராப்பள்ளியிற் போற்றுகின்றோம். தந்தையுமாய் நின்று வளர்ப்பவள் நம் தெருவிலேயே இருக்கின்றாள். அவளை இகழ்ந்த நாவால் அவனைப் போற்றுதல் போற்றுதல் ஆகாது என்க.