வலையும் விலையும்

இலவசமாகக் கிடைக்கும் பொருளை ஏழை மதிக்கமாட்டான், காசு கொடுத்து வாங்கினால்தான் அதன் அருமையை அறிவான் என்றொரு வாக்கு உலகெங்கும் உலவி வருகிறது. சொல்பவர் பெரும்பாலும் வயிறு நிறைந்தவர், கேட்பவர் தலையசைப்பவர். தலையசைத்தவர் அதிகார பீடத்தில் அமரும்போது அந்த வாக்கு திட்டமாகிறது, திட்டம் விலையாகிறது, விலை, மருந்துக்கும் ஏழைக்கும் இடையே மதிலாக எழுகிறது. எவர் சொன்னாலும் எண்ணிப் பார், ஏட்டில் இருந்தாலும் ஆய்ந்து பார் என்று பேசுகிற நாம், ஏழையைப் பற்றிய இந்த வாக்குக்கு மட்டும் விலக்கு அளிக்கலாமா, தோழர்களே?

இதைச் சோதனைக்கு உட்படுத்திய வரலாறு ஒன்று உண்டு. நடந்த இடம், ஆப்பிரிக்கக் கண்டத்துக் கென்யா நாட்டின் மேற்குப் பகுதி.

மலேரியாவுக்குப் பலியாவோரில் மிகப் பலர் ஆப்பிரிக்காவில் வாழ்வோர். அவர்களிலும் ஐந்து வயது நிறையாத குழந்தைகளே அதிகம். பூச்சிக்கொல்லி தோய்த்த கொசுவலையின்கீழ் உறங்கினால் அந்தச் சாவுகளில் பலவற்றைத் தடுக்கலாம் என்பது முன்பே மெய்ப்பிக்கப்பட்ட ஒன்று. பிறகு எழுந்த வழக்கு, வலையை எப்படிக் கொடுப்பது என்பதுதான். சிறு விலையேனும் வைக்க வேண்டும் என்றனர் ஒரு சாரார். விலை வைத்தால், உண்மையில் தேவைப்படுவோர் மட்டுமே வருவர்; காசு கொடுத்ததால் வலையைக் கட்டாயம் பயன்படுத்துவர்; இலவசமாகக் கொடுத்தாலோ அது மீன்பிடிக்கப் போய்விடும் என்பது அவர்தம் வாதம். சிறு விலையும் இல்லாதவனுக்குப் பெருஞ்சுவரே, அது அவனைத் திருப்பி அனுப்பிவிடும் என்றனர் மறு சாரார். இரு பக்கத்திலும் நல்லெண்ணம் இருந்தது, நாவன்மை இருந்தது. சான்றுதான் இல்லை.

2007ஆம் ஆண்டு, ஜெசிகா கோஹன், பாஸ்கலின் டுப்பா என்னும் இரு பொருளியல் அறிஞர்கள், கருவுற்ற தாய்மாருக்கு மருத்துவம் பார்க்கும் 20 நிலையங்களை இந்த ஆய்வுக்கு எடுத்துக்கொண்டனர். 4 நிலையங்கள், ஒப்பிட்டுப் பார்ப்பதற்கென முன்போலவே விடப்பட்டன. மீதி 16 நிலையங்களில் வலை கொடுக்கப்பட்டது — சிலவற்றில் இலவசமாக, மற்றவற்றில் 10 ஷில்லிங்குக்கு, 20க்கு, 40க்கு. அந்த 40 ஷில்லிங்கும்கூட வலையின் அடக்கவிலையில் ஏறத்தாழப் பத்தில் ஒரு பங்குதான். எந்த நிலையத்துக்கு எந்த விலை என்பதை ஆய்வாளரின் விருப்பமோ அதிகாரியின் பரிந்துரையோ முடிவு செய்யவில்லை. குலுக்கல் முடிவு செய்தது.

குலுக்கல் ஏன்? வலை வாங்கிய தாயையும் வாங்காத தாயையும் சும்மா ஒப்பிட்டால், வேறுபாடு விலையால் வந்ததா, வீட்டின் வசதியால் வந்ததா, கல்வியால் வந்ததா என்று பிரித்தறிய முடியாது. திருவுளச் சீட்டுக்குக் கண் இல்லை. பணக்காரன், பாமரன், வேண்டியவன், வேண்டாதவன் என்று அது பார்ப்பதில்லை. ஆகவே, போதிய அளவில் குலுக்கிப் பிரித்த கூட்டங்கள் ஏனைய எல்லாவற்றிலும் ஏறக்குறைய ஒத்திருக்கும். விளைவில் காணும் வேறுபாட்டை விலையின்மேல் ஏற்றலாம். வயலில் உரத்தையும் விதையையும் சோதிக்க இந்த முறையை வகுத்தவர் இங்கிலாந்தின் ரொனால்டு பிஷர். 1935இல் அதைத் தனி நூலாகவே எழுதினார். வயலிலிருந்து மருத்துவத்துக்கும், மருத்துவத்திலிருந்து பொருளியலுக்கும் அது வந்து சேர்ந்தது.

கென்யாவில் கண்டது என்ன? இலவசம் 40 ஷில்லிங் ஆனதும், வலை பெற்ற தாய்மாரின் தொகை நூற்றுக்கு 60 பேர் அளவுக்குச் சரிந்தது! விலை கொடுத்தவர்தான் பயன்படுத்துவார் என்றார்களே — வீடு தேடிச் சென்று பார்த்தபோது, காசு கொடுத்தவர் வீட்டைக் காட்டிலும் இலவசமாகப் பெற்றவர் வீட்டில் வலை குறைவாகக் கட்டப்பட்டிருக்கவில்லை. தேவைப்படுவோரை விலை பொறுக்கி எடுக்கும் என்றார்களே — குருதியைச் சோதித்துப் பார்த்தனர். விலை கொடுத்து வாங்கியவர், இலவசமாகப் பெற்றவரைவிடச் சோகை மிக்கவராக இல்லை. நோயாளியை அடையாளம் காணும் ஆற்றல் அந்த விலைக்கு இல்லை. பணமில்லாதவரை விலக்கும் ஆற்றல் மட்டும் இருந்தது.

இன்று இலவசமாகப் பெற்றவன் நாளை காசு கொடுப்பானா, கை நீட்டியே பழகிவிடமாட்டானா என்று வாதம் அடுத்த படிக்குத் தாவும். அதையும் டுப்பா ஆராய்ந்தார். முடிவு 2014இல் வெளிவந்தது. முதலாண்டில் இலவசமாகவோ மிகக் குறைந்த விலைக்கோ வலை பெற்ற குடும்பங்கள், ஓராண்டு கழித்து இன்னொரு வலையை விலைக்கு வாங்கும்படி கேட்டபோது, மற்றவரைவிட அதிகமாகவே வாங்க முன்வந்தன. பயன்படுத்திப் பார்த்தனர், பயனை உணர்ந்தனர், பணம் தந்தனர். சோம்பேறி என்று இகழப்பட்டவன் உண்மையில் பட்டறிவால் கற்பவன் என்பது தெரிந்தது.

இங்கே நேர்மையான ஐயம் ஒன்று எழும். மனிதன் என்ன, உரம் தூவிப் பார்க்கும் பாத்தியா? ஏழைத் தாயின் வாழ்வைக் குலுக்கலில் விடுவது அறமா? புறந்தள்ளத்தக்க கேள்வி அன்று இது.

1940களின் பிற்பகுதியில், காசநோய்க்கு ஸ்ட்ரெப்டோமைசின் என்னும் புது மருந்து வந்தது. பிரிட்டனுக்குக் கிடைத்த மருந்து மிகச் சிறிதளவே. எல்லார்க்கும் கொடுக்க வழியில்லை. அது எவ்வளவு பயன் தரும் என்பதும் உறுதியாகவில்லை. குலுக்கல் முறையில் சிலர்க்குத் தந்து, மற்றவர்க்கு வழக்கமான மருத்துவம் செய்து, 1948இல் முடிவை உலகுக்கு அறிவித்தனர். எல்லார்க்கும் எட்டாத பொருள் எவர் கைக்குப் போகும்? குலுக்கல் இல்லாவிட்டால், செல்வாக்குள்ளவன் கைக்கு! அத்தகைய நிலையில் சீட்டே நீதிக்கு அண்மையில் நிற்கிறது.

ஆனால், எல்லார்க்கும் போதுமான மருந்து கையிருப்பில் இருக்க, பயனும் ஐயமற விளங்கியிருக்க, அறிவுத் தேட்டத்தின் பெயரால் ஒரு பகுதியினர்க்கு மறுத்தால்? அது ஆராய்ச்சி ஆகாது, அநீதி. ஏற்கெனவே இருப்பதைப் பறித்துச் சோதித்தால், அதினும் கொடிது. நைரோபி நகரத்துச் சேரிகளில் நடந்த ஓர் ஆய்வு 2020இல் வெளிவந்தது. குடிநீர்க் கட்டணம் செலுத்தாத வீட்டு உரிமையாளர்க்கு எச்சரிக்கை விடுத்து, குலுக்கலில் வந்தவர்களின் இணைப்பைத் துண்டித்து, பணம் வசூலாகிறதா என்று பார்த்தனர். கண்டனக் குரல் பல திசைகளிலும் எழுந்தது. கட்டணம் செலுத்தாதோர் இணைப்பைத் துண்டிப்பது நிறுவனத்தின் வழக்கமான நடைமுறையே என்று ஆய்வாளர் தரப்பில் விளக்கம் தரப்பட்டது. இருக்கலாம். ஆனால் கடன்பட்டவர் உரிமையாளர். தாகத்தால் தவிப்பவர் குடியிருப்பவர். தண்டனை பெறுபவர் ஒருவர், தவறியவர் மற்றொருவர் என்றால், எத்துணைத் துல்லியமான கணக்கும் அதனை அறமாக்கிவிடாது.

சோதனையே வேண்டாம் என்போரையும் ஒன்று கேட்போம். மாளிகையில் அமர்ந்து, ஏழைக்கு இதுதான் நல்லது என்று ஊகித்து, ஒரு விலையை நாடு முழுவதற்கும் விதிக்கிறாரே அதிகாரி — அவர் செய்வது என்ன? அதுவும் சோதனைதான்! இலட்சக்கணக்கான மக்கள்மீது, அவர்தம் இசைவைக் கேளாமல், ஒப்பிட்டுப் பார்க்கவும் வழியின்றி, விளைவை எழுதி வைக்கக் குறிப்பேடும் இன்றி நடத்தப்படும் சோதனை. அதில் மாண்ட குழந்தை எந்தக் கணக்கிலும் ஏறுவதில்லை. தவறைக் கண்டுபிடிக்க வழி வைக்காத நிர்வாகம், தவறுவதே இல்லை என்று பெருமை பேசிக்கொள்வது எளிது.

இந்த முறைக்கு 2019இல் பெரும்புகழ் கிட்டியது. வறுமையை எதிர்க்கும் வழிகளைச் சோதனையால் ஆராய்ந்தமைக்காக அபிஜித் பானர்ஜி, எஸ்தர் டுப்லோ, மைக்கேல் கிரெமர் ஆகிய மூவர்க்கும் பொருளியல் நோபல் பரிசு அளிக்கப்பட்டது. அதனால் இதனை வேதமாக்கிக் கும்பிட வேண்டியதில்லை. ஓரிடத்தில் கண்டது எல்லா இடத்துக்கும் பொருந்தும் என்று கொள்ளலாகாது என, 2015இல் அதே பரிசைப் பெற்ற ஆங்கஸ் டீட்டன் எச்சரித்திருக்கிறார். சாம்பியா நாட்டில் குடிநீரைத் தூய்மையாக்கும் மருந்தை வைத்து நடந்த ஆய்வில், கூடுதல் விலை தர இசைந்தவரே அதனைப் பெரிதும் பயன்படுத்துவோராக இருந்தனர். வலைக்குக் கிடைத்த விடை, நீர் மருந்துக்கு அப்படியே கிடைக்கவில்லை.

நம் விருப்பத்துக்கு மாறான விடையும் வரும். சிறுகடன் ஏழைப் பெண்ணின் வாழ்வையே மாற்றிவிடும் என்று உலகம் மகிழ்ந்திருந்தது. ஐதராபாத் நகரில் 104 குடியிருப்புப் பகுதிகளைக் குலுக்கலால் இரண்டாகப் பிரித்து, பானர்ஜி, டுப்லோ முதலானோர் ஆராய்ந்தனர். 2015இல் வெளிவந்த முடிவு: தொழிலில் முதலீடு சற்றுக் கூடியது, ஆனால் குடும்பத்தின் நுகர்வு குறிப்பிடத்தக்க அளவு உயரவில்லை, பெண்களின் முடிவெடுக்கும் உரிமையிலும் மாற்றம் காணப்படவில்லை. கசக்கிறதல்லவா? கசப்பதால் மறுப்போமானால், பழமையைப் பற்றி நிற்போர்க்கும் நமக்கும் வேறுபாடு ஏது?

இன்னொன்றும் நினைவிலிருக்கட்டும். வலையை எப்படிச் சேர்ப்பது என்பதைச் சோதனை சொல்லும். ஏழைத் தாயின் குழந்தை காப்பாற்றப்பட வேண்டுமா என்பதை அது சொல்லாது. அது சொல்ல வேண்டியதும் இல்லை. அந்த முடிவு நம் மனச்சான்றுக்கு உரியது.

தந்தை தேடிய தோட்டமும் மாளிகையும் மகனுக்கு இலவசமாகத்தான் வந்து சேர்கின்றன. இலவசமாக வந்ததை இவன் மதிப்பானா, ஒழுங்காகப் பயன்படுத்துவானா என்று எவரும் கவலைப்படுவதில்லை. வீடு தேடிச் சென்று எட்டிப் பார்ப்பதுமில்லை. ஐயமெல்லாம் 40 ஷில்லிங் இல்லாத தாயின்மீதுதான்!

ஆகவே, இளைஞர்களே, ஏழையின் குணம் இது என்று எவரேனும் தீர்ப்புரைத்தால், அமைதியாகக் கேளுங்கள்: எங்கே சோதித்தீர்? யாரோடு யாரை ஒப்பிட்டீர்? அவர்தம் இசைவைப் பெற்றீரா? சோதனையின் சுமையை யார் தாங்கினர், பயனை யார் பெற்றனர்? விடை கிடைத்தால் ஏற்போம், நமக்கு எதிராக இருப்பினும். கிடைக்காவிட்டால், அந்த வாக்கைக் காட்டி விலை விதிக்கும் உரிமை எவருக்கும் இல்லை என்று உரைப்போம்.