வழிநடைத் தளர்ச்சியும் ஆசிரியர் கடனும்



சில ஆண்டுகளுக்கு முன் ஓர் ஆவணித் திங்களிலே, முன்னேசுவரத்து மகோற்சவந் தரிசித்தற்பொருட்டு உடப்பிலிருந்து மாணாக்கர் சிலரைக் கால்நடையாக அழைத்துச் சென்றேன். வழி பன்னிரண்டு மைலுக்குக் குறையாது. புத்தளக் கரையிலே அது மழையற்ற பருவம். உப்பளங்களிற் கடல்நீர் வெயிலாலுங் காற்றாலும் வற்றி உப்பாய் உறையும் பருவம். தரிசனத்துக்கு முன் நீரும் பருகலாகாதென்று பிள்ளைகளுக்கு விதித்தவன் யானே. நண்பகலில் ஒரு சிறுவன் நடை தடுமாறினான். வினாவியதற்குப் பொருந்தா விடை கூறினான். பின் மணலில் விழுந்தான். அயலிலிருந்த மூதாட்டியொருத்தி அவனைத் தென்னை நிழலிற் கிடத்தி, மேனியை நீரால் நனைத்து, ஓலையால் விசிறி, நன்கு தெளிந்தபின் உப்பிட்ட கஞ்சி கொடுத்தாள். அவன் பிழைத்தான். அவள் என்னை நோக்கி, “வாத்தியாரையா, பிள்ளை வாடினால் சாமி மகிழுமோ?” என்றாள்.

இவ்வினாவுக்கு விடை பெரியபுராணத்தில் உண்டு. அப்பமூர்த்திகள் திருப்பைஞ்ஞீலிக்கு எழுந்தருளும் வழியிலே பசியாலும் நீர்வேட்கையாலும் வருந்தினார். பெருமான் அவரை இன்னும் பொறுக்கும்படி விட்டாரல்லர். வழியிலே சோலையுங் குளமும் உண்டாக்கி, அந்தணராய்ப் பொதிசோற்றுடன் எழுந்தருளி, அவர் இளைப்பாறும்படி செய்தருளினார். ஞானக்குழந்தையாராகிய சம்பந்தப்பெருமான் நடந்து இளைத்தபோது, திருவரத்துறையில் முத்துச்சிவிகையுங் குடையும் அளித்தருளினார். அப்பூதியடிகள் திங்களூரில் நாவரசர் பெயராலே தண்ணீர்ப்பந்தர் வைத்தார். ஆகலின், வழிநடப்போர் தளர்ச்சியைத் தீர்த்தல் சிவபுண்ணியமென்பது தெளிவு.

அற்றேல், விரதமுந் தவமும் பயனிலவோ எனின், அன்று. தவமாவது அறிவு முதிர்ந்தவன் தானே விரும்பித் தன்மேற் கொள்வது. ஆசிரியரை மறுத்துரைக்க மாட்டாத பிள்ளைமேற் சுமத்துவது தவமாகாது; அது துன்புறுத்தலேயாம்.

இனி, தளர்ச்சி வருமாறும் காக்குமாறுங் கூறுவாம். நம் தேகச்சூடு இயல்பில் 37 பாகையளவினது. வெயிலிற் சூடு மிகும்போது, வியர்வை உலர்ந்து அதனைத் தணிக்கும். கடற்கரைக் காற்றில் ஈரம் மிகுதலின் வியர்வை எளிதில் உலராது; நீரும் உப்பும் வீணே கழியும். ஆதலால் தாகம் எடுக்கும்வரை காத்திராது, கால்மணிக்கொருமுறை சிறிது நீர் பருகுவிக்க. நெடுவழியாயின் உப்பிட்ட கஞ்சியேனும் மோரேனும் உதவுக. இக்கரையில் இளநீருக்கும் குறைவில்லை. விடியுமுன் புறப்பட்டு, உச்சிப்பொழுதில் நிழலில் தங்குக. கூட்டத்தின் நடையைப் பின்தங்கும் பிள்ளையின் நடைக்கு ஒப்ப அமைக்க. தலைநோவும் மயக்கமுங் கண்டால் உடனே நிறுத்துக. பேச்சுத் தடுமாறின் சூடு 40 பாகையைக் கடந்திருத்தல் கூடும். மேனியை நனைத்து விசிறிக்கொண்டே, தாமதியாது வைத்தியசாலைக்குக் கொண்டுசெல்க. உணர்வு தெளியாதவன் வாயில் நீர் ஊற்றற்க. அன்று எம் சிறுவனை வைத்தியரிடங் காட்டாது விட்டதும் என் பிழையே.

மனத்தளர்ச்சிக்கு மருந்தை உடப்பு மீனவரிடங் கற்கலாம். கரைவலையின் நெடுங்கயிற்றை வலிக்கும்போது அவர் அம்பா பாடுவர். ஒருவர் எடுக்க, மற்றையோர் தொடுப்பர். அத்தாளத்திலே கைகள் யாவும் ஒருங்கே இழுக்கும். இன்னும் எவ்வளவு என்று எண்ணி நோவதற்கு மனத்துக்கு இடமில்லை. அவ்வாறே நாமும் திருவைந்தெழுத்தையுந் தேவாரத்தையும் பிள்ளைகள் நடைக்கு இசைய முறைமுறையாய் ஓதுவிப்போமாக. ஆயினும் பாட்டு நீருக்கு ஈடாகாது. மூச்சு வாங்கும் பிள்ளை வாய்மூடி நடக்கட்டும்.

அன்பர்களே, திருவிழாவுக்காயினும் விளையாட்டுப் போட்டிக்காயினும் பிள்ளைகளை வெயிலிற் கொண்டுசெல்லுமுன், நீர்க்குடம் எங்கே, நிழல் எங்கே என்று முதலில் நோக்குக. அம்மூதாட்டி ஏடு பயின்றவளல்லள். எனினும் திருப்பைஞ்ஞீலி வழியிற் பெருமான் செய்த தொண்டை அன்று அவள் செய்தாள். அப்புராணத்தைப் பன்முறை படித்துப் பொருள் கூறிய யான் வாளா நின்றேன். அந்நாணம் நுங்களுக்கு வாராதிருக்கத் திருவருள் துணைசெய்க.

திருச்சிற்றம்பலம்.