பொன்மலையும் காலமும்

மேருவைப் பொன்மலை என்பது தமிழ் மரபு. திருச்சிராப்பள்ளியை அடுத்த பொன்மலையோ சிறு குன்று; 1928இல் நாகப்பட்டினத்திலிருந்து அங்கு மாற்றப்பட்ட ரயில்வே பணிமனையால் பெயர் பெற்றது. பெயரொற்றுமை ஒரு வினாவை எழுப்புகிறது: காலத்தை ஓரிடம் கட்டி நிறுத்துமா?

நம் ஆகமங்கள் கூறும் உலகப் பகுதிகள் பல. பரத, ஐராவத க்ஷேத்திரங்களில் உத்சர்ப்பிணி, அவசர்ப்பிணி எனக் காலம் ஏறி இறங்கும்; விதேகத்தில் அம்மாறுதல் இல்லை. சூரிய சந்திரர் மேருவை வலம்வரும் இரண்டரைத் தீவுகளுக்குள்தான் நாள், மாதக் கணக்கு உண்டு. அதற்கப்பால் அவை அசையாமையால் கணக்கில்லை. எனினும் காலம் என்னும் திரவியம் அங்கும் உண்டு. ஆகவே, மலை காலத்தைப் படைப்பதுமில்லை, நிறுத்துவதுமில்லை; அளக்கத் துணையாகிறது.

மலைக்கோட்டைச் சமணர் படுக்கைகளும் அத்தகையனவே. அங்கு வெட்டப்பட்ட பெயர்களுள் 'சிரா' என்பதும் ஒன்று. பெயர் நிற்கிறது, பெயருக்குரியவர் நிற்கவில்லை.

பற்றைத் துறந்தோர் விட்டுச் சென்ற கல்லை நாம் பேணுவது பற்றாகாதா எனச் சிலர் வினவுவர். எனது என்று பிடிப்பதே பற்று. பிறரும் கண்டு நிலையாமையை உணரக் காத்தல் அறம். பழம்பாறையில் தம் பெயரைக் கீறுவோர் காலத்தை நிறுத்த முயல்கின்றனர். அக்கல் உரைக்கும் பாடத்தையும் பிறர்க்கு அழித்துவிடுகின்றனர். அன்பர்களே, கல்லைக் காப்போம். அதில் நம்மைத் தேடாதிருப்போம்.