பாட்டு நின்ற வீடு



நம் ஓமலூருக்கு மேற்கே மேட்டூரைக் கடந்து செல்லும் காவேரி, பவானி, ஈரோடு தாண்டிக் கொடுமுடியை அடைகிறது. அவ்வூரில் பிறந்தவர் கே. பி. சுந்தராம்பாள் அம்மையார். செங்கோட்டையில் பிறந்த எஸ். ஜி. கிட்டப்பாவும் அவரும் நாடக மேடையில் சேர்ந்து பாடி, வாழ்விலும் சேர்ந்தார்கள். 1933-ஆம் ஆண்டு டிசம்பர் 2-ஆம் நாள் கிட்டப்பா காலமானார். அவருக்கு வயது 27, அம்மையாருக்கு 25.

இருவருக்குமிடையே பிணக்கும் பிரிவும் இருந்ததுண்டு. ஆயினும் அம்மையார் அன்றுமுதல் வெள்ளைச் சேலையே உடுத்தார். இனி எந்த ஆணுக்கும் ஜோடியாக நடிப்பதில்லையென்று விரதம் பூண்டார். சில காலம் மேடையை விட்டே ஒதுங்கினார். சச்சரவு இருந்த இல்லறத்திற்கு இத்தனை துக்கம் ஏன் என்று சிலர் கேட்கலாம். அப்படிக் கேட்பது தகாது. பேசித் தீர்க்காத வார்த்தை துக்கத்தின் பாரத்தைக் கூட்டுமேயன்றிக் குறைக்காது.

பின்னர் அவர் மீண்டும் பாடினார். 1935-இல் வெளிவந்த 'பக்த நந்தனார்' படத்தில் நந்தனாராகவே நடித்தார். 1953-இல் 'ஔவையார்' ஆனார். அப்படியானால் கணவரை மறந்துவிட்டாரா? இல்லை. வெள்ளைச் சேலையும் விரதமும் 1980-இல் அவர் இறக்கும்வரை கூடவே இருந்தன. துக்கமும் கடமையும் ஒரே வீட்டில் குடியிருக்கலாம். ஒன்று வருவதற்காக மற்றொன்றைத் துரத்த வேண்டியதில்லை.

நிற்க, துணை என்பது யாது? கிட்டப்பாவின் குரல் இசைத்தட்டுகளில் இருந்தது. தட்டு பாடும்; ஆனால் நாம் பேசினால் பதில் சொல்லாது. பாட்டுக்காரரை இழந்தவர்களின் வேதனை இதுவே. அந்தப் பதிலை உயிரோடிருக்கிற நாம்தான் சொல்ல வேண்டும்.

நாம் செய்வதென்ன? அடக்கத்தன்று கூட்டமாய்ப் போகிறோம். "எல்லாம் சர்வேசுரன் சித்தம், மறந்துவிடு" என்று சொல்லித் திரும்புகிறோம். முப்பதாம் நாள் பூசைக்குப் பின் அவ்வீட்டு வாசலை மிதிப்பவர் சிலரே. உண்மையில் தனிமை தொடங்குவது அப்பொழுதுதான்.

ஆகையால் நாற்பதாம் நாள் போங்கள். ஆறாம் மாதமும் போங்கள். இறந்தவரின் பெயரைச் சொல்லத் தயங்காதீர்கள். அவர் பாடிய பாட்டைப் பற்றிப் பேசுங்கள். அழுதால் அழ விடுங்கள். ரேஷன் கடைக்கோ, பிள்ளையின் பள்ளிக்கோ கூடப் போய் வாருங்கள். மூடிக் கிடக்கும் ஆர்மோனியத்தைத் திறக்கச் சொல்லி அவசரப்படுத்த வேண்டாம். அவர்களே திறக்கும் நாளில், கேட்பதற்கு ஒருவர் பக்கத்தில் இருந்தால் அதுவே பெரிய ஆறுதல்.